காணாமற்போன 17 தொன்: ஆயுதப் பரிசோதகர் டேவிட் கெலியின் வாழ்வும் பணியும்

இலங்கையின் மிக உயரமான புகையிரத நிலையம் பட்டிப்பொல. கடல் மட்டத்திலிருந்து 6,226 அடி உயரத்திலுள்ள அந்நிலையத்திலிருந்து அம்பேவல மேய்ச்சல் நிலங்களைக் கடந்து நானுஓயா, தலவாக்கலை, ஹட்டன் என இறங்கிவரும் பாதையில் தேயிலைத் தொழிற்சாலைகள் ஒன்றன்பின் ஒன்றாகத் தென்படும். அவை யாவற்றிலும் ஒரு கணக்கு உண்டு. மடுவத்தில் நிறுக்கப்பட்ட பச்சைக் கொழுந்து 100 கிலோ என்றால், வாடி, அரைபட்டு, உலர்ந்து வெளிவரும் தேயிலை சுமார் 20 முதல் 22 கிலோ வரை இருக்க வேண்டும். அதில் பெருங்குறைவு காணப்பட்டால் டீமேக்கர் பதில் சொல்லியாக வேண்டும். உள்ளே சென்ற நிறைக்கும் வெளியே வந்த நிறைக்கும் இடையில் விளக்கமில்லாத இடைவெளி இருக்கக்கூடாது.

ஏறத்தாழ இதே வகைக் கணக்கை வைத்துக்கொண்டுதான் 1990களில் ஐக்கிய நாடுகள் சபையின் பரிசோதகர்கள் ஈராக்கின் இரகசிய உயிரியல் ஆயுதத் திட்டத்தை வெளிக்கொணர்ந்தனர். அவர்களுள் முன்னணியில் நின்றவர் பிரித்தானிய நுண்ணுயிரியலாளர் கலாநிதி டேவிட் கெலி. 2003 ஜூலை 18ஆம் திகதி காலை இங்கிலாந்தின் ஒக்ஸ்போர்ட்ஷயரிலுள்ள ஒரு சிறு காட்டுமேட்டில் அவரது உடல் கண்டெடுக்கப்பட்டபோது அவருக்கு வயது 59. ஈராக் யுத்தத்தின் பொய்களை அம்பலப்படுத்தியதால் பலியானவர் என்ற ஒற்றை வரியிலேயே அன்றுமுதல் அவர் நினைவுகூரப்படுகின்றார். அவ்வரியில் உண்மை உண்டு. ஆயினும் அம்மனிதர் முப்பது ஆண்டுகளாகச் செய்த பணி என்ன, அவர் உண்மையில் நம்பியது என்ன என்பவற்றை அது மறைத்துவிடுகின்றது.

ஈராக் எமக்குத் தொலைதூர நாடல்ல. இலங்கைத் தேயிலையை நீண்டகாலமாக வாங்கிவரும் நாடுகளில் அதுவும் ஒன்று. பொருளாதாரத் தடைக் காலத்தில் ஐ.நா.வின் எண்ணெய்க்கு உணவுத் திட்டத்தின்கீழ் ஈராக்கியக் குடும்பங்களுக்குக் கிடைத்த பங்கீட்டுப் பொருட்களில் மாவு, அரிசி, சீனியுடன் தேயிலையும் இருந்தது. 1990 ஓகஸ்டில் குவைத்துக்குள் ஈராக்கியப் படை நுழைந்தபோது வீட்டுப் பணிப்பெண்களாகவும் தொழிலாளராகவும் அங்கிருந்த இலங்கையர் பல்லாயிரக்கணக்கானோர் உடுத்த உடையுடன் ஊர் திரும்ப நேர்ந்ததை நம்மில் பலர் மறந்திருக்கமாட்டோம். கெலியின் கதை அந்த ஆக்கிரமிப்பின் பின்விளைவுகளுக்குள் அடங்கியதுதான்.

அவர் பிறந்த இடமும் ஒரு வகையில் நமக்குப் பரிச்சயமானதே. 1944 மே 14ஆம் திகதி வேல்ஸ் நாட்டின் ரொண்டா பள்ளத்தாக்கில் அவர் பிறந்தார். மலைச்சரிவில் வரிசை வரிசையாக ஒட்டிக் கட்டப்பட்ட தொழிலாளர் வீடுகளும், நிலக்கரிச் சுரங்கத்தின் சங்கொலிக்கேற்ப நகரும் நாட்பொழுதும் கொண்ட பிரதேசம் அது. பெற்றோர் பிரிந்த பின்னர் பொன்டிபிரித் நகரில் பாட்டியின் பராமரிப்பில் வளர்ந்தார். லீட்ஸ் பல்கலைக்கழகத்தில் பற்றீரியவியலும் பேர்மிங்ஹாமில் வைரசு இயலும் பயின்று, 1971இல் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகத்தில் கலாநிதிப் பட்டம் பெற்றார். பூச்சிகளைத் தாக்கும் வைரசுகளே அவரது ஆய்வுப்பொருள். பயிரைக் காக்கும் அறிவியலில் தொடங்கிய ஒருவர் மனிதரை அழிக்கும் அறிவியலைத் துரத்திச் செல்பவராக மாறியது தற்செயலல்ல. இரண்டுக்கும் வேண்டிய அறிவு ஒன்றே. பீடைநாசினிக்கென நுண்ணுயிர் வளர்க்கும் கலன் எது, அந்திராக்ஸ் வளர்க்கும் கலன் எது என்று பிரித்தறியக்கூடியவர் அந்தத் துறையிலேயே கையைப் புழங்கவிட்டவராகத்தான் இருக்க முடியும்.

1984இல் அவர் பிரித்தானியப் பாதுகாப்பு அமைச்சின் பொர்ட்டன் டவுண் ஆய்வு நிலையத்தில் நுண்ணுயிரியல் பிரிவின் தலைவரானார். அக்காலத்தில் அப்பிரிவின் முக்கிய வேலைகளில் ஒன்று ஸ்கொட்லாந்துக் கரையோரத்திலுள்ள குருய்னார்ட் தீவைச் சுத்திகரிப்பதாகும். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் பிரித்தானியாவே அந்திராக்ஸ் குண்டுகளை அங்கு பரிசோதித்து, அத்தீவை மனிதர் காலடி வைக்க முடியாத நிலமாக்கியிருந்தது. 1986இல் 280 தொன் போர்மல்டிஹைட்டைக் கடல்நீரில் கலந்து தெளித்து மண்ணைத் தூய்மையாக்கி, 1990இல்தான் தீவு பாதுகாப்பானதென அறிவித்தார்கள். பிறநாட்டின் பாவத்தைத் தேடப் புறப்படுமுன் தன் நாட்டின் பாவத்தைக் கழுவும் வேலை அவருக்கு வாய்த்தது என்பது பலரும் கவனியாத ஒரு விடயம்.

1989 ஒக்டோபரில் சோவியத் விஞ்ஞானி விளாடிமிர் பாசெச்னிக் பாரிஸுக்கு வந்தவிடத்தில் பிரித்தானியாவிடம் தஞ்சம் புகுந்தார். மருந்து ஆராய்ச்சி என்ற போர்வையில் பிளேக் உட்படக் கொடிய நோய்களை ஆயுதமாக்கும் மாபெரும் திட்டமொன்று சோவியத் ஒன்றியத்தில் நடப்பதாக அவர் கூறியதை அரசியல்வாதிகள் நம்பத் தயங்கினர். அவர் சொல்வது அறிவியல் ரீதியில் பொருந்துகின்றதா என்று ஆராய்ந்தவர்களுள் கெலியும் ஒருவர். புலனாய்வுத் துறைக்கும் அவருக்கும் இடையிலான நெருக்கம் இங்கேதான் தொடங்கியது. 1991 ஜனவரியில் பிரித்தானிய, அமெரிக்க நிபுணர் குழு சோவியத் ஆய்வு நிலையங்களுக்குள் முதன்முறையாக நுழைந்தது. சைபீரியாவின் கொல்ட்சோவோவிலுள்ள வெக்டர் நிலையத்தில் கெலி அதிகாரிகளை விட்டுவிட்டு இடைநிலை ஆய்வாளர் ஒருவரிடம் இயல்பாகக் கேட்ட கேள்விக்கு, தாம் பெரியம்மை வைரசில் ஆய்வு செய்வதாக அவர் பதிலளித்துவிட்டார். உலகிலிருந்து ஒழிக்கப்பட்ட பெரியம்மையின் வைரசை மொஸ்கோவிலுள்ள ஒரு நிலையத்தில் மாத்திரமே வைத்திருக்க சோவியத் தரப்புக்கு அனுமதி இருந்தது. மிரட்டலில்லை, வாக்குவாதமில்லை. தாழ்ந்த குரலில், ஒரு சக விஞ்ஞானியாக, எதிரிலிருப்பவரின் வேலையில் அக்கறை கொண்டு கேட்பதே அவரது முறை. நேர்மையான விஞ்ஞானி தன் வேலையைப் பற்றிப் பேச விரும்புவார் என்பதும், பொய் சொல்பவர் விபரங்களில் தடுமாறுவார் என்பதும் அவர் அனுபவத்தில் கண்டவை.

அதே 1991 ஏப்ரலில் ஐ.நா. பாதுகாப்புச் சபை 687ஆம் இலக்கத் தீர்மானத்தின் மூலம் ஈராக்கின் பேரழிவு ஆயுதங்களை ஒழிக்கும் விசேட ஆணைக்குழுவை உருவாக்கியது. சுவீடன் நாட்டு இராஜதந்திரி ரொல்ஃப் எக்கேயுஸ் அதன் தலைவர். உயிரியல் ஆயுதங்களைத் தேடிய முதலாவது குழுவை 1991 ஓகஸ்டில் ஈராக்குக்கு அழைத்துச் சென்றவர் கெலி. அவர்கள் சென்றபோது சல்மான் பாக் நிலையத்தின் கட்டடங்கள் சில ஏற்கனவே இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டிருந்தன. தற்காப்பு ஆராய்ச்சி மாத்திரமே நடந்தது, ஆயுதம் எதுவும் இல்லை என்று ஈராக் சாதித்தது. நான்கு ஆண்டுகள் அந்தக் கதை நீடித்தது.

அக்கதையை உடைத்தது உளவாளியோ செய்மதியோ அல்ல, விற்பனைச் சிட்டைகள். பற்றீரியாவை வளர்ப்பதற்கு ஊட்டப்பொருள் தேவை. வைத்தியசாலை ஆய்வுகூடங்களில் நோயாளியின் மாதிரியைப் பரிசோதிக்க அதில் சிறிதளவு பயன்படும். வெளிநாட்டு நிறுவனங்களின் பதிவேடுகளைத் துருவியபோது 1988இல் ஈராக் சுமார் 39 தொன் ஊட்டப்பொருளை இறக்குமதி செய்திருந்தது தெரியவந்தது. முழு நாட்டின் வைத்தியசாலைத் தேவையோ வருடத்துக்கு 200 கிலோவுக்கும் குறைவு. வைத்தியசாலைகள் சிறு பொதிகளிலேயே அதை வாங்கும். வந்திருந்ததோ பெரும் பீப்பாய்களில். மீதியைத் தேடி எண்ணியபோது 17 தொன் கணக்கில் இல்லை. தவறுதலாக மிகையாகக் கட்டளையிட்டுவிட்டோம், மாகாண வைத்தியசாலைகளுக்கு அனுப்பினோம், 1991 கிளர்ச்சியில் அவை சூறையாடப்பட்டன என்பது ஈராக்கின் விளக்கம். தோட்டத்துக் கணக்கப்பிள்ளை ஒருவரிடம் இப்படியொரு விளக்கத்தைக் கொடுத்துப் பாருங்கள்!

இது கெலி ஒருவரின் சாதனையல்ல. அவுஸ்திரேலியரான ரொட் பார்ட்டன், அமெரிக்கரான ரிச்சர்ட் ஸ்பேர்ட்செல் முதலியோரும் இக்கணக்கை விடாப்பிடியாகப் பின்தொடர்ந்தனர். ஆனால் ஈராக்கிய விஞ்ஞானிகளுக்கு எதிரே மணிக்கணக்காக அமர்ந்து, ஒரே கேள்வியைப் பல கோணங்களில் திரும்பத் திரும்பக் கேட்டு, முன்னுக்குப்பின் முரணான பதில்களைச் சேகரித்தவர்களில் கெலிக்கு இணையானவர் இல்லை என்று அவரது சகாக்களே கூறியிருக்கின்றனர். இங்கிலாந்தின் கிழக்கு அங்கிலியா பல்கலைக்கழகத்தில் பயின்ற கலாநிதி ரிஹாப் தாஹாவே திட்டத்தின் முக்கிய விஞ்ஞானி. பக்தாத்துக்குத் தென்மேற்கே பாலைவனத்தில் அல் ஹக்கம் என்னும் தொழிற்சாலை இருந்தது. கோழித்தீன் முதலான கால்நடைத் தீவனத்துக்கான புரதம் தயாரிக்கின்றோம் என்றார்கள். தீவனத் தொழிற்சாலைக்கு எதற்காக இத்தனை காவலும், ஒன்றுக்கொன்று வெகுதூரத்தில் அமைந்த கட்டடங்களும்?

1995 ஜூலை 1ஆம் திகதி ஈராக் முதற்தடவையாக உயிரியல் முகவர்களை உற்பத்தி செய்ததை ஒப்புக்கொண்டது. ஓகஸ்டில் சதாம் ஹுசைனின் மருமகன் ஹுசைன் கமால் ஜோர்தானுக்குத் தப்பியோடியதும் எஞ்சியதும் வெளிவந்தது. 8,500 லீற்றர் அந்திராக்ஸ், 19,000 லீற்றர் பொட்டுலினம் நஞ்சு, அவற்றை நிரப்பிய குண்டுகள், ஏவுகணைத் தலைகள். 1996இன் நடுப்பகுதியில் ஐ.நா. மேற்பார்வையில் அல் ஹக்கம் வெடிவைத்துத் தகர்க்கப்பட்டது. அவ்வருடமே பிரித்தானிய அரசு கெலிக்குச் சி.எம்.ஜி. விருது வழங்கிக் கௌரவித்தது. ஹுசைன் கமால் இன்னொன்றையும் சொல்லியிருந்தார்: ஆயுதங்கள் அனைத்தும் 1991இலேயே அழிக்கப்பட்டுவிட்டன. அவரது வாக்குமூலத்தின் முதற்பாதியை ஊரெல்லாம் பறைசாற்றிய அரசுகள் மறுபாதியைப் பேசவில்லை. 2003இல் யுத்தம் தொடங்குவதற்குச் சற்று முன்னரே அது பத்திரிகைகளில் வெளிவந்தது.

1991க்கும் 1998க்கும் இடையில் கெலி 37 தடவைகள் ஈராக் சென்றுவந்தார். அக்காலத்தின் இறுதியில் பரிசோதனை முறையே நோயுறத் தொடங்கியது. 1998 பெப்ரவரியில் ஐ.நா. செயலாளர் நாயகம் கோபி அனான் பக்தாத் சென்று, ஜனாதிபதி மாளிகைகளைப் பார்வையிடுவது குறித்து ஓர் உடன்பாட்டைச் செய்தார். எட்டு மாளிகை வளாகங்களுக்குச் சென்ற விசேட குழுவின் தலைமை ஓர் இலங்கையருக்குக் கிடைத்தது. கண்டி திரித்துவக் கல்லூரியின் பழைய மாணவரும் 2023இல் காலமானவருமான ஜயந்த தனபால அவர். பரிசோதகர்களுடன் இராஜதந்திரிகளையும் அனுப்பி, ஒரு நாட்டின் கௌரவத்துக்கும் உலகின் பாதுகாப்புக்கும் இடையில் பாலம் கட்டப் பார்த்த முயற்சி அது. அவ்வருடம் டிசம்பரில் பரிசோதகர்கள் வெளியேற்றப்பட்டு, ரமழான் பிறக்கவிருந்த நாட்களில் அமெரிக்க, பிரித்தானிய விமானங்கள் ஈராக் மீது குண்டு பொழிந்தன. 1999 ஜனவரியில், ஆணைக்குழுவின் போர்வையைப் பயன்படுத்தி அமெரிக்கப் புலனாய்வுத் துறை சதாமின் தொடர்பாடல்களை ஒட்டுக்கேட்டதாக அமெரிக்கப் பத்திரிகைகளே எழுதின. பரிசோதகர் என்றாலே ஒற்றர் என்ற ஈராக்கின் குற்றச்சாட்டுக்கு இது வலுச்சேர்த்தது.

இவ்விடத்தில் கெலியையும் விமர்சனமின்றி விட்டுவிட முடியாது. ஐ.நா.வின் தொப்பியை அணிந்தவர்தான் தன் நாட்டின் புலனாய்வுத் துறைக்கும் ஆலோசனை வழங்கிவந்தார். அத்துறையில் நிபுணர்கள் மிகச் சிலரே இருந்ததால் இது தவிர்க்க முடியாதது என்பார்கள். ஆயினும் தடைகளால் மருந்தின்றி வாடிய ஒரு மக்கள் கூட்டத்தின் பார்வையில் இந்த வேறுபாடு நுணுக்கமானதாகவே இருந்திருக்கும். அதேவேளை, ஹலப்ஜாவில் 1988 மார்ச்சில் நச்சுவாயுவுக்குப் பலியான குர்திய முஸ்லிம்களையும், போர்முனையில் அதே வாயுவைச் சுவாசித்து மடிந்த ஈரானிய இளைஞரையும் எண்ணிப் பார்த்தால், இத்தகைய பரிசோதனையே வேண்டாம் என்று எவரும் சொல்லிவிட முடியாது.

2002 செப்டெம்பர் 24ஆம் திகதி பிரதமர் டோனி பிளேயரின் அரசு ஈராக்கின் ஆயுதங்கள் பற்றிய ஆவணமொன்றை வெளியிட்டது. பரிசோதனைகளின் வரலாறு பற்றிய பகுதிக்குக் கெலி பங்களித்திருந்தார். கட்டளையிட்டு 45 நிமிடங்களில் சில ஆயுதங்களைப் பயன்படுத்தும் நிலையில் ஈராக் உள்ளது என்ற கூற்றே மறுநாள் தலைப்புச் செய்தியானது. அது குறுந்தூரப் போர்க்கள ஆயுதங்களைப் பற்றியதென்பதை ஆவணம் சொல்லவில்லை. 2002 நவம்பரில் ஹான்ஸ் பிளிக்ஸ் தலைமையில் மீண்டும் ஈராக் சென்ற பரிசோதகர்கள் 700க்கும் மேற்பட்ட சோதனைகளை நடத்தியும் ஆயுதக் குவியல் எதையும் காணவில்லை. அவர்களுக்கு மேலும் சில மாதங்கள் அளிக்கப்படவில்லை. 2003 மார்ச்சில் யுத்தம் தொடங்கியது.

மே 22ஆம் திகதி இலண்டன் விடுதியொன்றில் கெலி பி.பி.சி. செய்தியாளர் அன்ட்ரூ கில்லிகனைச் சந்தித்தார். ஏழு நாட்களின் பின்னர் அதிகாலை வானொலி நிகழ்ச்சியில், 45 நிமிடக் கூற்று பிழையென அறிந்திருந்தே அரசு அதைச் சேர்த்திருக்கலாம் எனவும், ஆவணம் மேலிடத்து உத்தரவால் மெருகூட்டப்பட்டதெனவும் பெயர் கூறாத மூலமொன்றை ஆதாரங்காட்டிக் கில்லிகன் தெரிவித்தார். பிரதமரின் தொடர்பாடல் பணிப்பாளர் அலஸ்டயர் கம்பெலுக்கும் பி.பி.சி.க்கும் இடையில் வெடித்த மோதலில் அந்த மூலத்தின் பெயர் இரு தரப்புக்கும் ஆயுதமாயிற்று. ஜூன் 30ஆம் திகதி, கில்லிகனைச் சந்தித்தது தானே எனவும், செய்தியின் முக்கிய குற்றச்சாட்டுகள் தன்னுடையவையாக இருக்க முடியாதெனவும் கெலி தன் மேலதிகாரிக்கு எழுதினார்.

அதன் பின் நடந்தது இலங்கைத் தமிழருக்கு விளக்க வேண்டியதல்ல. சுற்றிவளைப்பில் வரிசையாக நிறுத்தப்பட்ட மக்களுக்கு முன்னே முகமூடியணிந்து அமர்ந்திருக்கும் தலையாட்டியை நாம் அறிவோம். ஜூலை 8ஆம் திகதி, பெயர் கூறாமல், ஓர் அதிகாரி முன்வந்துள்ளார் என்று பாதுகாப்பு அமைச்சு அறிவித்தது. செய்தியாளர்கள் சரியான பெயரைச் சொன்னால் அதை உறுதிப்படுத்தலாம் என்பது ஊடகப் பிரிவுக்கு வழங்கப்பட்டிருந்த அறிவுறுத்தல். செய்தியாளர் ஒருவர் ஊகித்த பெயர்களை ஒன்றன்பின் ஒன்றாகச் சொல்லிக்கொண்டே போய்ச் சரியான பெயரை அடைந்தார். அமைச்சு தலையாட்டியது. தன் பெயர் வெளியிடப்படும் முறையைக் கெலி முன்கூட்டி அறிந்திருக்கவில்லை. பெயர் வெளியானதும் அவர் மனைவியுடன் வீட்டைவிட்டு வெளியேற நேர்ந்தது.

ஜூலை 15ஆம் திகதி அவர் பாராளுமன்ற வெளிவிவகாரக் குழுவின் முன் தொலைக்காட்சிக் கமராக்களுக்கு எதிரே அமர்த்தப்பட்டார். கடும் வெயில் நாள். அவரது மெல்லிய குரல் கேட்கவில்லையென்பதற்காக மின்விசிறிகள் நிறுத்தப்பட்டன. ரஷ்யரிடமும் ஈராக்கியரிடமும் எந்தக் குரலால் உண்மையைப் பெற்றாரோ அதே குரல் அங்கே உரத்துப் பேசும்படி பணிக்கப்பட்டது. பி.பி.சி.யின் வேறொரு செய்தியாளருடன் பேசியதைப் பற்றிக் கேட்டபோது அவர் அளித்த பதில் உண்மைக்குப் பொருந்தவில்லை. பொய்யைக் கண்டுபிடிப்பதையே தொழிலாகக் கொண்டவர் அத்தடுமாற்றத்தின் பாரத்தை மற்றெவரையும்விட அறிந்திருப்பார். 17ஆம் திகதி பிற்பகல், மின்னஞ்சல்களுக்குப் பதில் எழுதிவிட்டு, வழமைபோல் நடந்துவரப் புறப்பட்டவர் திரும்பவில்லை.

ஹட்டன் பிரபுவின் விசாரணை, அவர் தன்னுயிரைத் தானே மாய்த்துக்கொண்டதாகவும் அரசு நேர்மையற்று நடக்கவில்லையெனவும் 2004 ஜனவரியில் முடிவு கூறியது. பி.பி.சி.யின் தலைவரும் பணிப்பாளர் நாயகமும் கில்லிகனும் பதவி விலகினர். மரணத்தின் காரணத்தை ஏற்க மறுத்த வைத்தியர்கள் சிலர் நீதிமன்ற மரண விசாரணை கோரினர். 2011இல் சட்டமா அதிபர் அதனை நிராகரித்தார். சதி என்பதற்கு நிரூபணம் எதுவும் முன்வைக்கப்படவில்லை. சதியைத் தேடுவதில் காட்டப்பட்ட ஆர்வத்தில் ஒரு பங்கு, ஓர் அரச ஊழியரின் பெயரைக் கசியவிட்ட முறையின் மீது செலுத்தப்பட்டிருந்தால் நன்றாயிருந்திருக்கும் என்பது என் எண்ணம். 45 நிமிடக் கூற்றை விளக்கமின்றி அவ்வாறு சேர்த்திருக்கக்கூடாதென 2004 ஜூலையில் பட்லர் பிரபுவின் அறிக்கையும், ஈராக்கிய அச்சுறுத்தல் நியாயப்படுத்த முடியாத நிச்சயத்துடன் முன்வைக்கப்பட்டதென 2016இல் சில்கொட் அறிக்கையும் கூறின. கெலியின் ஐயம் சரியான இடத்தில்தான் இருந்தது.

எனினும் அவரை யுத்த எதிர்ப்பாளராகக் கொண்டாடுவோர் 2003 ஓகஸ்ட் 31ஆம் திகதிய ஒப்சேர்வர் பத்திரிகையையும் வாசிக்க வேண்டும். யுத்தத்துக்குச் சில வாரங்களுக்கு முன் அவர் எழுதி, இறந்தபின் வெளியான கட்டுரை அதிலுள்ளது. ஈராக்கின் உடனடி அச்சுறுத்தல் சிறிதே என்று அவர் கருதினார். ஆனால் ஆட்சி மாறினாலன்றி நீண்டகால ஆபத்து நீங்காதெனவும் நம்பினார். 17 தொன்னுக்குக் கணக்குக் காட்டாமல் நான்கு ஆண்டுகள் முகத்துக்கு நேரே பொய் சொன்னவர்களை ஏழு ஆண்டுகள் பார்த்தவரின் நம்பிக்கை அது. ஆகவே அவர் ஆட்சேபித்தது யுத்தத்தையல்ல, ஆவணத்தின் மிகைப்படுத்தலை.

2004 ஒக்டோபரில் வெளியான ஈராக் ஆய்வுக் குழுவின் அறிக்கை, அமெரிக்கா தானே அனுப்பிய ஆயிரத்துக்கு மேற்பட்டோர் தேடியும் ஆயுதக் குவியல் இல்லை என்றது. உயிரியல் ஆயுதக் கையிருப்பை 1991, 1992ஆம் ஆண்டுகளிலேயே ஈராக் அழித்துவிட்டது போல் தெரிகின்றது எனவும், அல் ஹக்கம் தகர்க்கப்பட்டதோடு அத்தகைய ஆயுதங்களை விரைவில் பெறும் நோக்கத்தையும் அது கைவிட்டது எனவும் அக்குழு முடிவு செய்தது. அதாவது கெலியும் சகாக்களும் 1996இலேயே வென்றுவிட்டிருந்தனர். அந்த அறிக்கையை வாசிக்க அவர் உயிருடன் இருக்கவில்லை. எஞ்சிய ஆயுதங்களைத் தேடி மீண்டும் ஈராக் செல்வதற்காக 2003 ஜூலை 25ஆம் திகதிக்கு அவருக்கு விமானப் பயணம் பதிவு செய்யப்பட்டிருந்தது.